மத்திக்காரி ஒதோராவின் குரல்

ஒதோரா கூவினால் மூன்று பாலத்துக்கு அப்பால் படுத்திருக்கும் பூனைகூட எழுந்து உட்காரும் என்று ஒசாகாவில் பேச்சு. வெறும் பேச்சில்லை அது. காவுதடியின் இரண்டு முனையிலும் கூடையைத் தொங்கவிட்டுக்கொண்டு, "கையைக் கடிக்கிற மத்தீ! தொட்டா கடிக்கிற மத்தீ!" என்று, மீன் அத்தனை புதுசெனக் கூவியபடி அவள் டோடோன்போரிக் கால்வாய்க் கரையில் திரும்பினால், வீட்டுக்குள் சண்டை போட்டுக்கொண்டிருக்கும் புருஷன் பெண்டாட்டி வாயை மூடிவிடுவார்கள். எப்படியும் ஒருவர் பேசுவது மற்றவருக்குக் கேட்கப்போவதில்லை. புலி வருஷத்தில் பிறந்தவள் என்பதால் புலி என்றே, அந்த ஊர்ப் பேச்சில் ஒதோரா என்று, பெயர் வைத்தார்கள். நாற்பது தாண்டிய பிறகும் அந்தப் பெயருக்கு அவள் குறை வைத்ததில்லை.

அவளுடைய பைத்தியம் பழைய கொட்டகை. அதிலும் அங்கே பெண் வேஷம் கட்டும் உதாநோஜோ. ஐம்பத்தைந்து வயது ஆண்பிள்ளை, மேடைக்கு வந்தால் கல்யாணத்துக்குக் காத்திருக்கும் பெண்ணாகிவிடுவார். மத்தி விற்றுத் தீர்ந்ததும் கூடைகளைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, கைமணம் போக எலுமிச்சைத் தோலைத் தேய்த்துக்கொண்டு, கொட்டகையின் உச்சிமாடத்துக்கு ஏறிவிடுவாள். மலிவான இடம். கால் மரத்துப்போகும், தலை கூரையில் இடிக்கும். அங்கிருந்து பார்த்தால் உதாநோஜோவின் உச்சந்தலையும் மூக்கு நுனியும்தான் சரியாகத் தெரியும். அவளுக்கு அது போதும்.

அவள் புருஷன் கிஸாகு, தேய்ந்த மரச்செருப்புகளுக்குப் புதுப் பல் வைத்துக் கொடுப்பவன். குரல் இருக்கிறதா என்று சந்தேகம் வருகிற அளவுக்கு மெல்லப் பேசுவான். அவனுக்கும் பைத்தியம் இருந்தது, ஆனால் எதிர்க் கட்சி. அதே தெருவில் ஐந்து வீடு தள்ளி இருக்கும் புதுக் கொட்டகை. அங்கே கிமோனோ போட்டவர்களும் கோட்டுப் போட்டவர்களும் வீட்டில் பேசுகிற மாதிரியே மேடையில் பேசுவார்கள். பெண் வேஷத்துக்கு ஆண் இல்லை. பெண்ணேதான் பெண்ணாக வருவாள். தோகிகோ என்று ஒரு டாக்டர் வீட்டுப் பெண், வீட்டை விட்டு வந்து நடிக்கிறாள். ஊரே இரண்டாகப் பிரிந்து அடித்துக்கொண்டது. ஒதோராவின் வீட்டுக்குள் சாப்பாட்டு மணைக்கு இந்தப் பக்கம் ஒரு கட்சி, அந்தப் பக்கம் ஒரு கட்சி.

"உங்க ஆளுக்குப் பேத்தி எடுக்கிற வயசு," என்பான் கிஸாகு, ஊறுகாயைக் கடித்துக்கொண்டே. "மூஞ்சில சுண்ணாம்பு அடிச்சுக்கிட்டு வெக்கப்படுறாராம்."

"உங்க ஆளு மட்டும் என்னவாம்? மேடைல நின்னுக்கிட்டு, சோத்துக்கு உப்பு கேக்குற மாதிரி பேசுது. அதைக் கேக்க டிக்கெட் வேறயா? வா, நான் சும்மாவே கேக்குறேன். உப்பை எடு."

அவன் சிரித்தபடி உப்பை நகர்த்துவான்.

அந்த வசந்த காலத்தில்தான் வினை வந்தது. உச்சிமாடத்தின் முன்வரிசை குரல் சங்கத்தாருக்கு உரியது. நடிகர் ஒரு நிலையில் உறைந்து நிற்கும் நொடியில், சரியாக அந்த நொடியில், அவருடைய நடிப்புப் பரம்பரையின் வீட்டுப் பெயரை, உதாநோஜோவுக்கென்றால் ஹினோகியா என்று, சொல்லிக் குரல் கொடுப்பது அவர்கள் வேலை. அந்தக் குரல் விழாவிட்டால் நடிகருக்குச் சோறு இறங்காது. சங்கத் தலைவர் தொகுஜிரோ, கடற்பாசி மொத்த வியாபாரி, கழுத்து நரம்பு கயிறுபோல் புடைத்த மனிதர். சங்கத்தில் பெண்கள் கிடையாது. பெண் குரல் கொடுத்ததாக அந்தக் கொட்டகையின் சரித்திரத்திலேயே கிடையாது.

அன்றைக்கு உதாநோஜோ ரசிகர்களின் நடுவே ஓடும் பூப்பாதையில் நடந்து வந்தார். பாதையில் எப்போதும் நிற்கும் இடத்தில் நின்றார். சட்டைக் கையை உதட்டருகே கொண்டுபோனார். கழுத்தை ஒருமுறை திருப்பினார். இரண்டாம் முறை திருப்பினார். ஒதோராவின் நெஞ்சுக்குள் ஏதோ பொங்கிக்கொண்டு வந்தது. பல்லைக் கடித்தாள். நிற்கவில்லை.

"ஹினோகியா!"

கூரையிலிருந்து தூசி உதிர்ந்தது. கீழே பாயில் உட்கார்ந்து பெட்டிச் சோறு சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் அத்தனை பேரும் அண்ணாந்து பார்த்தார்கள். சங்கத்தார் ஏழெட்டுப் பேர் ஒருமிக்கக் கொடுத்த குரல், அதற்குப் பின்னால் கொசு ரீங்காரம்போல் வந்து விழுந்தது. யாரோ, "மத்தி வந்துடுச்சுடோய்!" என்று கத்த, கொட்டகை முழுக்கச் சிரிப்பு. சிரிப்புக்குப் பிறகு பெரிய கைதட்டல்.

தொகுஜிரோ சிரிக்கவில்லை. இடைவேளையில் அவள் முன்னால் வந்து நின்றார்.

"இது கொட்டகையா மீன் சந்தையா?"

"மன்னிச்சுக்குங்க தொகு அண்ணே. தானா வந்துடுச்சு."

"தானா வர்றதுக்கு அது என்ன தும்மலா? எங்கப்பா இந்த இடத்துல நின்னு குரல் குடுத்தவரு. இனிமே நீ இந்த ஏணில கால் வைக்கக் கூடாது. இறங்கு."

அவள் இறங்கினாள். இறங்கும்போதுகூடப் படிகள் கடகடவென்று சத்தம் போட்டன. அழுகை வந்தது, ஆனால் உள்ளுக்குள் ஒரு மூலையில் தீபாராதனைபோல் ஏதோ ஜெகஜ்ஜோதியாக எரிந்தது. அத்தனை பேர் நடுவில் தன் குரல் அந்தக் கூரையைத் தொட்டதே!

அடுத்த வாரம் உதாநோஜோவின் வீட்டுப் பின்வாசலில் மத்தி நிறுத்துக்கொண்டிருந்தபோது, சமையல்காரி நகர்ந்து வழிவிட்டாள். உள்ளேயிருந்து அவரே வந்தார். சாயம் போன பருத்தி அங்கி, சாதாரண மூக்கு, சாதாரணக் காது. வழியில் பார்த்தால் தபால் ஆபீஸ் குமாஸ்தா என்று நினைத்துக் கடந்து போயிருப்பாள்.

"அன்னிக்குக் கத்துனது நீதானே?"

ஒதோராவின் கையிலிருந்து மீன் நழுவியது. "ஐயா, வாய் தவறி..."

"வாய் தவறல. அரை மூச்சு முந்திடுச்சு. நான் மூணாவது தடவை கழுத்தைத் திருப்பவே இல்ல, அதுக்குள்ள வந்துட்ட." அவர் வாசற்படியில் உட்கார்ந்தார். உட்கார்ந்த விதத்தில் அங்கியின் மடிப்பு கலையவில்லை. அதை அவள் கவனித்தாள். "முப்பது வருஷமா அந்த இடத்துல நிக்கிறேன். எப்போ குரல் வரும்னு எனக்கும் தெரியும், அவங்களுக்கும் தெரியும். அன்னிக்குத்தான் நெஞ்சு திக்குன்னுச்சு. நல்லாத்தான் இருந்துச்சு."

ஒதோரா குனிந்து, நழுவிய மீனை எடுத்தாள்.

அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். சமையல்காரி கிணற்றடிக்குப் போகும்வரை காத்திருந்தார். "உன் வீட்டுக்காரன் புதுக் கொட்டகைக்குப் போறவனாமே."

"அவனுக்குப் புத்தி கிடையாதுங்க ஐயா."

"அது கிடக்கட்டும். அந்தப் பொண்ணு... எப்படி அழுறா?"

"என்னது?"

"எல்லாரும் சொல்றாங்க, நிஜமா அழுறாளாம். மூக்குகூட ஒழுகுதாம். நான் போய்ப் பாக்க முடியாது. நான் அங்க கால் வெச்சா நாளைக்கே பேப்பர்ல வந்துடும். எங்க ஆளுங்க பாதிப் பேரு நாண்டுக்குவாங்க, மீதிப் பேரு என்னைக் கொன்னுடுவாங்க. நீ போய்ப் பாத்துட்டு வந்து சொல்லு. யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாது."

அன்றே கிஸாகுவிடம், "எனக்கும் ஒரு டிக்கெட் எடு," என்றாள். அவன் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டு அவள் நெற்றியைத் தொட்டுப் பார்த்தான், காய்ச்சலா என்று.

புதுக் கொட்டகையில் நாற்காலி போட்டிருந்தார்கள். மின்விளக்கு கண்ணைக் குத்தியது. முதல் அங்கம் முழுக்க ஒதோராவுக்குக் கொட்டாவி. தோகிகோ ஒல்லியான பெண், மேடையில் நடப்பது கடைத்தெருவில் நடப்பதுபோல இருந்தது. இரண்டாம் அங்கத்தில் பின்வரிசையிலிருந்து கூச்சல் கிளம்பியது. திரும்பிப் பார்த்தாள். குரல் சங்கத்து இளைஞர்கள் நாலைந்து பேர், சாகே சாராய வாசனையோடு.

"முள்ளங்கி! முள்ளங்கி!" மோசமான நடிப்புக்கு அந்த ஊர்க்காரர்கள் வைத்திருக்கும் வசை அது. "ஒரு ஆம்பளையைக் கூப்பிடுங்கப்பா, பொம்பளை எப்படி நடக்கணும்னு காட்டட்டும்!"

ஒதோரா முதலில் வாய்விட்டுச் சிரித்தாள். கிஸாகு முகம் சுண்டிப்போய் உட்கார்ந்திருந்தான். அப்போது தோகிகோ, குழந்தை செத்துப்போன செய்தியைக் கேட்ட தாயாக, சபைக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றாள். முகமே தெரியவில்லை. தோள்பட்டை ஒன்று மட்டும் ஏறியது. இறங்கவில்லை. ஏறியது ஏறியபடி நின்றது. பிறகு புறங்கையால் மூக்கைத் துடைத்தாள், துணி துவைத்துக்கொண்டிருந்தவள் துடைப்பதுபோல. ஏதோ சொன்னாள். "முள்ளங்கி!" என்ற கூச்சலில் அது கேட்கவில்லை.

ஒதோரா எழுந்து நின்றாள். "டேய்! மூடுங்கடா வாயை! அவ என்ன சொல்றான்னு எனக்குக் கேக்கல!"

மின்விளக்குகள்கூட ஒரு தரம் நடுங்கின என்று கிஸாகு பிற்பாடு சத்தியம் செய்வான். பின்வரிசையில் ஒரு சத்தமில்லை. மேடையில் தோகிகோ முதுகைத் திருப்பாமலே, சொன்னதையே மறுபடி ஒருமுறை சொன்னாள். "கால்ல செருப்பு போட்டிருந்தானா?" என்று கேட்டாள், அவ்வளவுதான். ஒதோரா நாற்காலியில் விழுந்தாள். கன்னம் நனைந்திருந்தது. அவளுக்குத் தன்மேலேயே கோபம் வந்தது.

"என்ன, உப்பு கேக்குறாளா?" என்றான் கிஸாகு மெதுவாக.

"பேசாம இரு."

நாடகம் முடிந்ததும் தோகிகோ ஆள் அனுப்பி அவளை உள்ளே கூப்பிட்டாள். அரிதாரம் பாதி துடைத்த முகத்தோடு, இரண்டு கையையும் பாயில் ஊன்றித் தலை தாழ்த்தி வணங்கினாள். பிறகு சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"அக்கா, நீங்க உதாநோஜோவைத் தினம் பாக்குறவங்களாமே. அவரு உக்காரும்போது மடிப்புக் கலையாதாமே, நிஜமா? பூப்பாதைல நின்னார்னா மூச்சு விடவே தோணாதாமே. அப்படி என்னதான் பண்றாரு?"

"நீ போய்ப் பாக்குறதுதானே?"

"போனேன். வாசல்லயே அடையாளம் கண்டுக்கிட்டாங்க. தவிட்டை அள்ளி மூஞ்சில எறிஞ்சாங்க." பெண் சிரித்தாள், ஆனால் கண் சிரிக்கவில்லை. "எங்க ஆளுங்ககிட்ட கேட்டா, அந்தப் பழைய குப்பை உனக்கெதுக்குன்னு திட்டுறாங்க. சொல்லுங்கக்கா. யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்."

இப்படித்தான் மத்திக்காரி ஒதோரா இரண்டு பக்கத்துக்கும் ஒற்று வேலை பார்க்கத் தொடங்கினாள்.

அந்தக் கோடை முழுக்க அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை. உச்சிமாடத்தில் ஏறக் கூடாது என்பதால் பழைய கொட்டகையில் கீழே தூண் மறைவில் இடம் பிடித்து, குரல் வந்துவிடாதபடி துண்டைப் பல்லில் கடித்துக்கொண்டு பார்ப்பாள். பார்த்ததைத் குடைக்கடை மாடியில் தோகிகோ குடியிருந்த அறையில் நடித்துக் காட்டுவாள். புதுக் கொட்டகையில் பார்த்ததை உதாநோஜோவின் அடுக்களையில், மீன் கத்தியைக் கையில் வைத்துக்கொண்டே நடித்துக் காட்டுவாள். அவளுடைய பெரிய உடம்பு பதினெட்டு வயசுக் குமரியாக நெளிந்தபோது தோகிகோ பாயில் உருண்டு சிரித்தாள். ஆனால் சிரித்து முடித்ததும், "அந்தக் கழுத்து, அதை இன்னொரு தடவை," என்பாள். உதாநோஜோவோ சிரிக்கமாட்டார். "எந்தத் தோள் ஏறுச்சு? இடதா? மூச்சை உள்ள இழுத்துட்டா, வெளிய விட்டுட்டா?" என்று குடைந்து குடைந்து கேட்பார். இரண்டு வீட்டிலும் அவள் வருகைக்குச் சாக்கு மத்திதான். உதாநோஜோவின் மனைவி ஒருநாள் தலையில் கை வைத்துக்கொண்டாள். "ஐயோ, இன்னிக்கும் மத்தியா? வேற மீனே கடல்ல இல்லையா?"

ஒருவர் கேட்டது மற்றவருக்குத் தெரியாது. ஒதோரா சொல்லவில்லை. சொல்லாமல் இருப்பது அவளுக்கு எத்தனை கஷ்டம் என்பதை அவளை அறிந்தவர்கள்தான் அறிவார்கள்.

கோடை முடிவில் நகரத்தின் வடக்கே பெரிய தீ பிடித்துத் தெருத்தெருவாக எரிந்தது. வீடிழந்தவர்களுக்காக ஒரு உதவி நாடகம் போடுவதென்று இரண்டு கொட்டகைக்காரர்களும் பேசி முடிவு செய்தார்கள். பழைய கொட்டகையில், ஒரே மேடையில், ஒரே கதையில் உதாநோஜோவும் தோகிகோவும். அவர் மாமியார், அவள் மருமகள். சுவரொட்டி ஒட்டிய அன்று தெருவில் வண்டி போக வழியில்லை. நிஜப் பெண் பக்கத்தில் நின்றால் கிழவர் சாயம் வெளுத்துவிடும் என்றது ஒரு கட்சி. கிழவர் பக்கத்தில் நின்றால் அந்தப் பெண் பெண்ணாகவே தெரியமாட்டாள் என்றது இன்னொரு கட்சி. பொதுக் குளியலறையில் வெந்நீரை வாரி இறைத்துக்கொண்டு சண்டை போட்டார்கள்.

அந்தச் சமயம் பார்த்துத்தான், ஒதோரா குடைக்கடை மாடியிலிருந்து இறங்குவதைத் தொகுஜிரோ பார்த்துவிட்டார். பாலத்தின் நடுவில் அவளை மறித்தார். கூட்டம் கூடிவிட்டது.

"காலைல உதாநோஜோ ஐயா வீட்டு அடுக்களை, சாயங்காலம் அந்தத் தோகிகோ வீட்டு மாடி. என்னத்தை சுமந்துட்டுப் போற? மத்தியையா, இல்ல ஐயாவோட வித்தையையா?"

"மத்தியைத்தான்."

"பொய் சொல்லாத! உளவு பாக்குறியா? யாரு உன்னை அனுப்புனது? வாயைத் திற. ஊரையே எழுப்புற வாயாச்சே!"

ஐயாதான் அனுப்பினார் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொன்னால் உதாநோஜோவின் முகத்தை ஊர் எப்படிப் பார்க்கும்? அந்தப் பெண் கேட்டாள் என்று சொல்லலாம். அதற்கும் அதே கதிதான். ஒதோரா காவுதடியை இறுகப் பிடித்துக்கொண்டு நின்றாள். வாய் திறக்கவில்லை. மறுநாள் பேப்பரில் 'மத்திக்காரி யார் பக்கம்?' என்று கேலிப்படம் வந்தது. பழைய கட்சிக்காரர்கள் அவளிடம் வாங்குவதை நிறுத்தினார்கள். புதுக் கட்சிக்காரர்களும் நிறுத்தினார்கள். மீன் கூடையில் வாடியது.

"நிஜமா?" என்று கேட்டான் கிஸாகு.

"நிஜம்தான்."

"யாருக்காக?"

"சொல்ல மாட்டேன்."

மறுநாள் காலையில் கிஸாகு செருப்புக் கடையைத் திறக்காமல் ஒரு கூடையைத் தன் தோளில் ஏற்றிக்கொண்டு அவளுக்கு முன்னால் நடந்தான். தெருமுனையில் நின்று, "கையைக் கடிக்கிற... மத்தி," என்றான், சாவு வீட்டில் பேசுகிற குரலில். டோஃபுக் கடைக்காரி சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அந்த மீனு எங்க கடிக்கப் போகுது, அது தூங்குதே!" என்று சொல்லிக்கொண்டே ஒரு தட்டு வாங்கினாள். பக்கத்து வீட்டுக்காரியும் வாங்கினாள். ஒதோரா அவன் பின்னால் மூக்கை உறிஞ்சிக்கொண்டே நடந்தாள்.

உதவி நாடகத்தன்று பட்டப்பகலில் கொட்டகை வாசலில் கொடிகள் படபடத்தன. முரசு அதிர்ந்தது. கிஸாகு இரண்டு டிக்கெட் வைத்திருந்தான், உச்சிமாடத்துக்கு. ஏணியடியில் சங்கத்து ஆட்கள் கைகோத்து நின்றார்கள்.

"இவளை விட முடியாது," என்றார் தொகுஜிரோ.

"டிக்கெட் இருக்கு அண்ணே," என்றான் கிஸாகு.

"டிக்கெட் உனக்கு. உளவாளிக்கு இல்ல."

பின்னாலிருந்து தள்ளுமுள்ளு. யாரோ "மத்தி நாறுது!" என்றார்கள். ஒதோரா திரும்பிப் போய்விடலாம் என்று காலை எடுத்தபோது, கூட்டம் சட்டென்று விலகியது. மேடைப் பின்கதவிலிருந்து உதாநோஜோ வந்துகொண்டிருந்தார். முகம் முழுக்க வெள்ளை, தலையில் இன்னும் பொய்முடி வைக்காமல் கட்டிய ஊதாத் துணி, மாமியார் வேஷத்தின் கீழங்கி. வேஷத்தில் பாதியோடு அவர் வெளிச்சத்தில் நின்றதை அந்தத் தெரு பார்த்ததே இல்லை.

"தொகுஜிரோ. அந்தம்மா மேல போகட்டும்."

"ஐயா, இவ உங்களைப் பத்தி அங்க போய்..."

"நான்தான் அவளை அங்க அனுப்பினேன்." அவர் குரலை உயர்த்தவில்லை. எல்லோருக்கும் கேட்டது. "அந்தப் பொண்ணு என்ன பண்றான்னு தெரிஞ்சுக்கணும்னு எனக்கு ஆசை. போய்ப் பாக்க தைரியம் இல்ல. அந்தம்மாவுக்கு இருந்துச்சு. போதுமா?"

தொகுஜிரோவின் முகம் வெளிறிப்போனது. கோத்திருந்த கைகள் பிரிந்தன. ஒதோரா ஏணியில் ஏறினாள். கிஸாகு பின்னாலேயே ஏறினான்.

உள்ளே மூச்சு விட இடமில்லை. இடது பக்கம் பழைய கட்சி, வலது பக்கம் புதுக் கட்சி, நடுவில் பூப்பாதை எல்லைக்கோடு மாதிரி. கதை எளிது. போருக்குப் போன மகன் திரும்பமாட்டான் என்று தெரிந்துவிட்டது. மருமகள் இளையவள். அவள் இன்னொரு வாழ்க்கைக்குப் போகட்டும் என்று, மாமியார் வேண்டுமென்றே கொடுஞ்சொல் சொல்லி அவளை வீட்டை விட்டுத் துரத்துகிறாள்.

உதாநோஜோ பேசத் தொடங்கினார். சொல் ஒவ்வொன்றும் சவுக்கு. அடுத்து என்ன வரும் என்று உச்சிமாடத்துக்குத் தெரியும். சபையைப் பார்த்துத் திரும்புவார், சட்டைக் கையை உதட்டில் வைத்து, உள்ளே மறைத்த கண்ணீரைக் காட்டுவார், உறைவார். தொகுஜிரோ மார்பை நிமிர்த்தி மூச்சை இழுத்தார்.

உதாநோஜோ சபைக்கு முதுகைக் காட்டினார்.

கிழவியின் கூன் முதுகு மட்டும். இடது தோள் ஏறியது. இறங்கவில்லை. ஒதோரா அவர் அடுக்களையில் நடித்துக் காட்டிய அதே தோள். பக்கத்தில் தொகுஜிரோ பழக்கத்தில் வாயைத் திறந்துவிட்டார். "ஹி..." என்று வந்தேவிட்டது. ஒதோரா பாய்ந்து தன் அகலமான உள்ளங்கையால் அந்த வாயைப் பொத்தினாள். கையை விலக்கப் பார்த்தார், புலிப் பிடி, முடியவில்லை. கீழே ஆயிரம் பேர் இருந்த இடத்தில் கரி அடுப்பில் கரி வெடிக்கிற சத்தம் கேட்டது. அந்த அமைதியில், முதுகைத் திருப்பாமலே, கிழவி சொன்னாள்: "குளிரும். போர்வையை எடுத்துட்டுப் போ."

வலது பக்கத்தில் புதுக் கட்சி முழுவதும் விம்மியது. கிஸாகு தன் தொப்பிக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டான். தொகுஜிரோ திமிறுவதை நிறுத்தியிருந்தார். ஒதோரா கையை எடுத்தபோது அது நனைந்திருந்தது.

இப்போது மருமகள் கிளம்பினாள். தோகிகோ போர்வையை மார்போடு அணைத்துப் பூப்பாதையில் இறங்கினாள். அவள் கட்சிக்காரர்கள் எதிர்பார்த்தது, தெருவில் போகிறவள் மாதிரி தலைகுனிந்து போய்விடுவாள் என்று. அவள் போகவில்லை. உதாநோஜோ நிற்கும் அதே இடத்தில் நின்றாள். முழங்கால்கள் ஒட்டின. மடிப்புக் கலையாமல் தாழ்ந்தாள். போர்வையின் நுனியை உதட்டுக்குக் கொண்டுபோனாள். கழுத்து ஒருமுறை திரும்பியது. இரண்டாம் முறை திரும்பியது. உதாநோஜோவின் கழுத்து, ஆனால் அந்தப் பெண்ணின் கண்.

மூன்றாம் முறை திரும்பி உறைந்தாள்.

யாரும் குரல் கொடுக்கவில்லை. எப்படிக் கொடுப்பார்கள்? அவளுக்கு வீட்டுப் பெயர் கிடையாது. சங்கத்தார் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பூப்பாதையின் நடுவில் தோகிகோ நின்றுகொண்டே இருந்தாள், இன்னும் ஒரு நொடி போனால் விழுந்துவிடுவாள் போல. மேடையில் கிழவியின் முதுகுகூடக் காத்திருந்தது.

ஒதோரா முந்தவில்லை, அரை மூச்சும் முந்தவில்லை.

"உன் பேருதாண்டி உன் வீடு! தோகிகோ!"

கொட்டகை இடிந்து விழுந்ததுபோல் ஒரு கணம். அதற்குள் அவள் காதருகே, கயிறு நரம்பு புடைக்க, கரகரத்த ஆண் குரல் ஒன்று எழுந்தது. "இதுக்குத்தான் காத்திருந்தோம்!" தொகுஜிரோ. அவருக்குப் பின்னால் சங்கம் முழுவதும். பிறகு இடது, வலது என்று இல்லை. பெட்டிச் சோற்று மூடிகள் பறந்தன, இருக்கைப் பாய்கள் பறந்தன. தோகிகோ பாதையின் மிச்சத்தை ஓடியே கடந்தாள். திரைக்குள் போய் மயங்கி விழுந்தாள் என்றும், உதாநோஜோதான் தண்ணீர் தெளித்தார் என்றும் ஊர் சொன்னது. அவளிடம் கேட்டபோது, "மயங்கல அக்கா, சிரிச்சேன். நிக்க முடியல," என்றாள்.

அன்று திரை விழுந்த பிறகு உள்ளே நடந்ததையும் தோகிகோதான் சொன்னாள். இரண்டு பேரும் அரிதாரத்தோடு எதிரெதிரே உட்கார்ந்து, ஒருவரையொருவர் முறைத்தார்களாம்.

"என் முதுகைத் திருடிட்டீங்க," என்றாளாம் அவள்.

"என் கழுத்து எங்கேருந்து வந்துச்சு உனக்கு?" என்றாராம் அவர். பிறகு ஒரே சமயத்தில் இரண்டு பேருக்கும் விளங்கியிருக்கிறது. "மத்தி!" என்று இருவரும் கத்தியது பக்கத்து அறைக்குக் கேட்டதாம்.

வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் கிஸாகுவும் ஒதோராவும் சண்டை.

"ஜெயிச்சது நாங்க. உங்க ஐயா எங்க மாதிரி நடிச்சாரா இல்லையா?"

"போய்யா! உங்க பொண்ணு எங்க மாதிரி நின்னாளா இல்லையா?"

இரண்டு பேப்பர்களில் ஒன்று பழைய கொட்டகைக்கு வெற்றி என்றது, மற்றது புதுக் கொட்டகைக்கு. குரல் சங்கம் மூன்று தடவை கூடிப் பேசி, ஒதோரா உச்சிமாடத்தில் நிற்கலாம், ஆனால் மழை பெய்யும் நாளில் மட்டும் குரல் கொடுக்கலாம் என்று தீர்மானம் போட்டது. மழையில் கூரை ஓட்டுச் சத்தத்தை மீறச் சங்கத்துக் குரல் போதாது என்று தொகுஜிரோ காரணம் சொன்னார். அவள் மழையிலும் கொடுத்தாள், வெயிலிலும் கொடுத்தாள். அவர் ஒவ்வொரு தடவையும் திரும்பி முறைத்துவிட்டு, நகர்ந்து இடம்விட்டார்.

கட்சிகள் சேர்ந்துவிடவில்லை. அடுத்த மாதமே குளியலறையில் வெந்நீர் பறந்தது. ஆனால் புதுக் கொட்டகையில் புது நாடகம் தொடங்கிய முதல் நாள், விளக்கு ஏற்றும் முன், உதாநோஜோ முன்வாசல் வழியாக, தன் கையால் டிக்கெட் வாங்கிக்கொண்டு உள்ளே வந்தார். வீட்டுச் சின்னம் பொறித்த கறுப்பு மேலங்கி. மொத்தக் கூட்டமும் எழுந்து பார்த்தது. அவர் யாரையும் பார்க்காமல் முன்வரிசை நாற்காலியில் உட்கார்ந்து, மடிப்பைச் சரிசெய்துகொண்டார்.

கிஸாகு ஒதோராவின் விலாவில் இடித்தான். "பாத்தியா, உங்க ஆளே எங்க பக்கம் வந்துட்டாரு."

"களவு போன சாமானைத் தேடி வந்திருக்காருய்யா," என்றாள் ஒதோரா. "இனிமே அந்தப் பொண்ணு எதை எடுத்து வெச்சிருக்குன்னு அவரே எண்ணிப் பாத்துக்கட்டும். எனக்கு இனிமே வேலை மிச்சம்."

திரை ஏறியது. அவள் நாற்காலியின் நுனிக்கு நகர்ந்தாள்.